கனவை அளந்த கடலூர்க்காரர்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கற்பனை ஊர்களுக்கு வரைபடம் போட்டவர்களைப் பற்றிய கட்டுரையைச் சென்ற வாரம் உங்கள் இதழில் படித்தேன். நல்ல கட்டுரை. ஆனால் அதில் வந்தவர்கள் எல்லாருமே வெளிநாட்டுக்காரர்கள். இங்கே கடலூரில் ஒருவர் ஏறக்குறைய முப்பது வருஷம் இதே வேலையைச் செய்தார். அவர் என் பெரியப்பா.

நில அளவைத் துறையில் வரைவாளராக இருந்தவர். நிலத்தின் எல்லையையும் அளவையும் காட்டும் புலப்படம் வரைவதுதான் பிழைப்பு. ஓய்வு பெற்றதும் திருப்பாதிரிப்புலியூர் வீட்டுத் திண்ணையில் பலகை போட்டு உட்கார்ந்து, யார் வந்து கனவு சொன்னாலும் அதை வரைபடமாக்கிக் கொடுப்பார். காசு வாங்க மாட்டார். பலன் கேட்டு வருகிறவர்களிடம், "பலன் சொல்ல எனக்குத் தெரியாது. இடத்தச் சொல்லு, போட்டுத் தரேன்" என்பார்.

நான் ஏழாவது படிக்கும்போது பள்ளிக்கூடத்துக் கிணறு கடலுக்கு நடுவே இருப்பதாகக் கனவு கண்டேன். வீட்டில் எல்லாரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.

"வெயில் மூஞ்சில பட்டுதா, முதுகுலயா?"

"முதுகுல, பெரியப்பா."

"காலையிலயா, சாயங்காலமா?"

"காலையில."

"அப்ப மேற்கப் பாத்து நின்னிருக்க" என்று சொல்லிவிட்டு முதலில் வடக்குக் குறியைப் போட்டார். அப்புறம் கிணற்றுக்கு எத்தனை எட்டு, அதாவது எத்தனை காலடி, என்று கேட்டார். ஒன்பது என்றேன், ஒன்பதே போட்டார். கிணற்றுக்கு அந்தப் பக்கம் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியவில்லை. அந்தப் பக்கத்தை அப்படியே வெற்றாக விட்டுவிட்டார். தெரியாத இடத்தைத் தன் கையால் அவர் ஒருநாளும் நிரப்பியதில்லை. புலப்படத்தில் எல்லைக்கல்லைக் குறிக்கிற மாதிரி, கனவில் நான் நின்ற இடத்தில் ஒரு சின்ன வட்டம். கீழ் மூலையில், 'அளவு: சொன்னவர் எட்டு'.

எங்கள் ஊர்க் கதை ஒன்றை அவர் அடிக்கடி சொல்வார். 1690இல் ஆங்கிலேயர் தேவனாம்பட்டினம் கோட்டையை மராட்டியரிடம் வாங்கியபோது, பீரங்கிக் குண்டு போய் விழுகிற தூரம் வரைக்கும் உள்ள ஊர்களும் சேர்த்தி என்று பேச்சு. அந்த ஊர்களுக்குக் குண்டு கிராமம் என்றே பெயர் வந்தது. "குண்டு விழுந்த இடம் எல்லையாச்சு. கனவுல ஒருத்தன் நின்ன இடத்துக்கு நான் கல்லு நடக்கூடாதா?" என்பார்.

சிலப்பதிகார உரையில் அடியார்க்குநல்லார், கடல் கொண்ட நிலத்தைப் பற்றிச் சொல்லும்போது பஃறுளி ஆற்றுக்கும் குமரி ஆற்றுக்கும் இடையே 700 காவதம் (காவதம் என்பது பழைய தூர அளவு), அதில் 49 நாடு என்று கணக்குக் கொடுக்கிறார். அதைப் படித்த பெரியப்பா 49 நாட்டையும் பிரித்து வரைந்து பார்த்தார். அப்படி ஒரு நிலம் இருந்ததா இல்லையா என்ற சண்டைக்குள் அவர் போகவே இல்லை. "அளவு சொல்லியிருக்காருய்யா மனுஷன்" என்பதிலேயே அவருக்கு அத்தனை சந்தோஷம்.

2011 டிசம்பர் 30ஆம் தேதி 'தானே' என்று பெயர் வைத்த புயல் அடித்தது. பண்ருட்டிப் பக்கம் பலாவும் முந்திரியும் வேரோடு சாய்ந்து கிடந்தது ஊருக்கே தெரியும். சில மாதம் கழித்து அந்தப் பக்கத்திலிருந்து ஒரு ஆயா வந்தார். தினமும் கனவில் தோப்பு நிற்கிறது என்றார். இரண்டு நாள் திண்ணையிலேயே உட்கார்ந்து மரம் மரமாகச் சொன்னார். 'சுளை சிறுசு, தேன்', 'இடி விழுந்தும் காய்ச்சது', 'மருமவ வந்த வருசம் வச்சது' என்று அவர் சொன்னதை அப்படியே ஒவ்வொரு வட்டத்துக்கும் பக்கத்தில் பெரியப்பா எழுதினார். மொத்தம் 23 மரம். அந்தப் படத்தை வைத்துத்தான் ஆயாவின் மகன் புதுக் கன்று நட்டார். என்னைக் கேட்டால் பெரியப்பா போட்டதிலேயே பெரிய வரைபடம் அதுதான்.

2014இல் அவர் போய்விட்டார். மறு வருஷ வெள்ளத்தில் எங்கள் வீட்டு டிரங்குப் பெட்டியில் இருந்த அவர் படங்களில் பாதி வீணாகிவிட்டது. மிச்சம் இருப்பது 60க்குக் கொஞ்சம் மேலே. 1955இலிருந்து புதுச்சேரியில் இருக்கும் பிரெஞ்சு நிறுவனம், தென்னிந்தியக் காடுகளுக்குத் தாவர வரைபடம் போட்ட இடம். ஓலைச்சுவடிகளையும் காப்பாற்றி வைத்திருக்கிறது. அப்படிப் பழக்கமுள்ள கைகளில் இவற்றைக் கொடுத்து நகல் எடுக்க வேண்டும் என்பது என் ஆசை. அதற்கு முன்னால், ஊர் ஊராகப் போய்விட்ட மற்ற படங்களும் கிடைக்க வேண்டும்.

கடலூர், பண்ருட்டி, புதுச்சேரி வாசகர்கள் தயவுசெய்து ஒருமுறை பரணைப் பாருங்கள். லேசாக நீலம் பாய்ந்த, மொடமொடப்பான துணிச் சுருள் கிடைத்து, கீழ் மூலையில் 'அளவு: சொன்னவர் எட்டு' என்று இருந்தால் அது பெரியப்பா வரைந்தது. ஈரத் துணியால் துடைத்துவிடாதீர்கள். அது கஞ்சி ஏற்றிய துணி, தண்ணீர் பட்டால் ஒட்டிப் பாழாகிவிடும். சுருளை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். ஒரு புகைப்படம் எடுத்து இந்த இதழின் முகவரிக்கு அனுப்பினால் போதும், ஆசிரியர் எனக்குச் சேர்ப்பிப்பார் என்று நம்புகிறேன். கனவு சொன்னது யார் என்று தெரிந்தால் அதையும் எழுதுங்கள்.

அன்புடன்,
ஒரு வாசகி,
திருப்பாதிரிப்புலியூர், கடலூர்.