அந்த மரச்சட்டத்தை யார் திறப்பது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இணையத்தில் பலர் ஒன்றுகூடி ஒருவரை அவமானப்படுத்துவது பற்றி எழுதுகிறேன்.

அதிகாரத்தில் இருப்பவர்களைக் கேள்வி கேட்கச் சமூக ஊடகம் எளியவர்களுக்கு வழி திறந்திருக்கிறது. 2017 அக்டோபரில் பெண்கள் தங்களுக்கு நேர்ந்த பாலியல் துன்புறுத்தல்களை 'மீ டூ' (எனக்கும்தான்) என்று வெளிப்படையாகப் பேசத் தொடங்கிய பிறகுதான், பல ஆண்டுகளாக மூடி மறைக்கப்பட்ட சில குற்றங்கள் நீதிமன்றம் வரை சென்றன. அந்த வழி அடைபடக் கூடாது.

ஆனால் சில மாதங்களுக்கு முன் நானே செய்த தவறைச் சொல்ல வேண்டும். முதியவர் ஒருவரைப் பார்த்து ஒரு பெண் கத்தும் காணொளி என் கைப்பேசிக்கு வந்தது. அரை நிமிடம்கூட ஓடாது. பதற்றத்தில், "இவளை ஊருக்கே காட்டுங்கள்" என்று எழுதி மூன்று குழுக்களுக்கு அனுப்பினேன். இரண்டு நாள் கழித்து முழுக் காணொளியும் வந்தது. அவர் அந்த முதியவரின் மகள். மறதி நோயால் வண்டிகளுக்கு நடுவே இறங்கிவிட்ட தந்தையைத் தடுக்கத்தான் கத்தியிருக்கிறார். 'இவள்' என்று எழுதியதை நினைத்தால் இன்றும் உடல் கூசுகிறது. பதிவை நீக்கி மன்னிப்புக் கேட்டேன். முதலில் அதைப் பகிர்ந்தவர்களில் ஒருவர்கூட என் மன்னிப்பைப் பகிரவில்லை.

2013இல் அமெரிக்காவின் பாஸ்டன் மாரத்தான் குண்டுவெடிப்புக்குப் பிறகு ரெடிட் என்ற இணைய விவாதத் தளத்தில் துப்புத் துலக்கக் கிளம்பியவர்களும், தொடர்பே இல்லாத ஒருவரைக் குற்றவாளியாக்கினார்கள். பிறகு அந்தத் தளம் வெளிப்படையாக மன்னிப்புக் கேட்டது.

இங்கிலாந்தில் ஒருவரைத் தெருவில் மரச்சட்டத்தில் பூட்டி நிறுத்தி, கூட்டம் கையில் கிடைத்ததை வீசும் தண்டனை 1837இல் ஒழிக்கப்பட்டது. அந்தக் கொடுமைக்குக்கூடக் கால அளவு உண்டு. நேரம் முடிந்தால் பூட்டைத் திறந்துவிடுவார்கள். இன்று தேடுபொறியில் பெயரைத் தட்டினால், வேலைக்கு எடுப்பவருக்கும் பெண் பார்க்க வருபவருக்கும் பழைய காணொளியே முதலில் வந்து நிற்கிறது. காலாவதியான தகவல்களைத் தேடல் முடிவுகளிலிருந்து நீக்கக் கோரலாம் என்று ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றம் 2014 மே மாதம் தீர்ப்பளித்தது. ஆனால் நீங்குவது இணைப்பு மட்டுமே, மூலப் பக்கம் அப்படியே இருக்கும்.

ஓர் அமைச்சரையோ நிறுவனத்தையோ பொறுப்பேற்கச் சொல்லும்போது பதில் சொல்ல அவர்களுக்கு இடமும் ஆள்பலமும் இருக்கின்றன. தனி மனிதருக்கு அப்படி எதுவும் இல்லை. பதில் சொல்ல வாய் திறப்பதற்குள் வீட்டு முகவரியே வெளியாகிவிடுகிறது.

ஆகவே, பரவும் காணொளிகளைச் செய்தியாக்கும்போது தனி மனிதர்களின் முகத்தையும் பெயரையும் தங்கள் நாளிதழ் மறைத்து வெளியிட வேண்டுகிறேன். குற்றச்சாட்டு பொய்யெனத் தெரிந்தால், முதல் செய்தி வந்த அதே பக்கத்தில், அதே அளவில் திருத்தத்தையும் வெளியிடுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்