"சொல்லலாமா அக்கா?" – போதைப் பழக்கத்தில் சிக்கிய தாய்மாருக்காக ஒரு திறந்த மடல்

பெறுநர்: தமிழ்நாடு அரசின் மக்கள் நல்வாழ்வுத் துறைச் செயலாளர், உள்துறைச் செயலாளர்

மதிப்பிற்குரியீர்,

வணக்கம். வடசென்னையில், ஊசி வழியாகப் போதைப்பொருள் எடுத்துக்கொள்வோருக்கான எச்.ஐ.வி. தடுப்புத் திட்டம் ஒன்றில் 11 ஆண்டுகளாக ஆற்றுப்படுத்துநராகப் பணியாற்றி வருகிறேன். இத்தனை ஆண்டுகளில் எங்கள் பதிவேட்டில் ஏறிய பெண்களின் பெயர்கள் மிகச் சில. எங்கள் பகுதியில் அப்படிப்பட்ட பெண்களே இல்லை என்று இதற்குப் பொருளில்லை. அவர்கள் எங்களிடம் வருவதில்லை. வந்த ஓரிருவரும் நிலைப்பதில்லை. அதற்கான காரணங்களில் பெரும்பகுதி உங்கள் இரு துறைகளின் கையில் இருப்பதால் இம்மடலை எழுதுகிறேன்.

ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்ல வேண்டும். அடையாளம் தெரியாதிருக்கச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன். ஊசியைப் பகிர்வதால் எச்.ஐ.வி. பரவாதிருக்க நாங்கள் தரும் புதிய ஊசிகளை, அவருடைய கணவர் வாரம் தவறாமல் எங்கள் மையத்துக்கு வந்து வாங்கிச் செல்வார். ஒருவருக்கான கணக்கில்தான் கொடுத்துவந்தோம். வீட்டில் இருவர் போட்டுக்கொள்கிறார்கள் என்பது இரண்டு ஆண்டுகள் கழித்தே எங்களுக்குத் தெரிந்தது. முதலில் அவர் போட்டுக்கொள்வார். பிறகு அதே ஊசியால் மனைவிக்கும் போட்டுவிடுவார். "எனக்கு நரம்பு பாத்துப் போடத் தெரியாதுக்கா, அவர்தான் போட்டுவிடுவாரு" என்று அந்தப் பெண் சொன்னபோது, நாங்கள் எண்ணி எண்ணிக் கொடுத்த ஊசிகளின் கணக்கு முழுவதும் தவறு என்று புரிந்தது.

ஐந்தாம் மாதக் கருவோடு அந்தப் பெண், போதைப்பொருளுக்குப் பதிலாக மருத்துவக் கண்காணிப்பில் மருந்து தரும் ஓ.எஸ்.டி. மாற்று மருந்துச் சிகிச்சைக்கு வந்தார். காலையில் நாற்பது ஆண்கள் நிற்கும் வரிசையில், முந்தானையைத் தலைக்கு இழுத்துவிட்டுக்கொண்டு ஒரே பெண்ணாக நின்றார். செவிலியர் அந்த மாற்று மருந்தான பியூப்ரெனார்பின் மாத்திரையைப் பொடித்து நாக்குக்கு அடியில் வைப்பார். அது முழுதும் கரையும் வரை அங்கேயே உட்கார்ந்திருக்க வேண்டும். இதை அன்றாடம் செய்ய வேண்டும். இரண்டாம் நாளே வரிசையில் நின்ற ஒருவர் அந்தப் பெண்ணின் அண்ணனிடம் சொல்லிவிட்டார். ஆறாம் நாள் அவர் வரவில்லை.

ஆனால் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு ஒழுங்காகப் போய்வந்தார். கர்ப்பிணிகளுக்கு அரசு தரும் பதிவு எண்ணான பிக்மி எண் வாங்கினார், இரும்புச்சத்து மாத்திரை வாங்கினார், ஸ்கேன் எடுத்தார். அங்கே யாரும் இதைப் பற்றிக் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. சொன்னால் போலீசுக்குத் தகவல் போகும், பிள்ளையைப் பிடுங்கிக்கொள்வார்கள் என்ற அச்சம். ஒரு மருத்துவமனையில் குழந்தை பிறந்தது. இரண்டாம் நாள் அது நடுங்கத் தொடங்கியது. கீச்சுக்குரலில் ஓயாமல் அழுதது. மார்பில் வாய்வைத்தும் உறிஞ்ச முடியவில்லை. கருவிலேயே பழகிய போதைப்பொருள் பிறந்ததும் நின்றுபோனதே காரணம் என்று தெரிந்தபோது, எட்டுப் படுக்கைகள் கொண்ட அந்த வார்டில் அனைவர் காதிலும் விழும்படி அவரிடம் சொல்லப்பட்ட சொற்களை இங்கே எழுத எனக்கு மனமில்லை. மறுநாள் இரவு, எவரிடமும் சொல்லாமல் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியேறிவிட்டார். நடுங்கும் குழந்தைக்கு மருத்துவம் மிகவும் தேவைப்பட்ட நேரம் அது.

அந்தப் பெண்ணின் அச்சத்தை அறியாமை என்று ஒதுக்கிவிட முடியாது. போதைப்பொருள்களைத் தடுக்கும் 1985-ஆம் ஆண்டின் என்.டி.பி.எஸ். சட்டத்தின் 27-ஆம் பிரிவு, போதைப்பொருளை உட்கொள்வதையே குற்றமாக்கி, பொருளைப் பொறுத்து அதிகபட்சம் ஆறு மாதமோ ஓராண்டோ சிறைத்தண்டனை விதிக்க இடமளிக்கிறது. அதே சட்டத்தின் 64-ஏ பிரிவு, அடிமைப்பட்டவர் தாமாக முன்வந்து சிகிச்சை பெற்றால், உட்கொண்ட குற்றத்துக்கும் சிறிய அளவு வைத்திருந்த குற்றத்துக்கும் வழக்கிலிருந்து அவருக்கு விலக்குத் தருகிறது. 39-ஆம் பிரிவு, குற்றவாளி எனக் கண்ட பிறகும் அவரைச் சிறைக்கு அனுப்பாமல் சிகிச்சைக்கு அனுப்ப நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. இந்த 11 ஆண்டுகளில், பிடிபட்ட ஒரு பெண்ணிடம் இப்பிரிவுகளை எவரேனும் எடுத்துச் சொன்னதை நான் கண்டதில்லை. இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 64-ஏ விலக்குக் கிடைக்க, அரசு நடத்தும் அல்லது அரசு ஏற்பளித்த மருத்துவமனையிலோ நிறுவனத்திலோ சிகிச்சை பெற்றாக வேண்டும். ஒரு பெண் கைக்குழந்தையோடு தங்கிச் சிகிச்சை பெற அவருடைய மாவட்டத்தில் ஒரு படுக்கைகூட இல்லையென்றால், சட்டம் கொடுத்த விலக்கு அவரைப் பொறுத்தவரை வெறும் காகிதம்தான்.

2025-இல் 'கலங்கரை' என்ற பெயரில் 25 ஒருங்கிணைந்த போதை மீட்பு, மறுவாழ்வு மையங்களை அரசு திறந்ததை மனமார வரவேற்கிறேன். அவற்றில் ஒரு தாய் தன் குழந்தையோடு படுத்துறங்கக்கூடிய படுக்கைகள் எத்தனை என்பதை அரசு வெளியிட வேண்டும். இது சலுகை கேட்பதாகாது. மதுவும் போதைப்பொருளும் சார்ந்த மனநிலைக் கோளாறுகளைத் தன் வரையறைக்குள் கொண்டுவந்திருக்கும் மனநலப் பராமரிப்புச் சட்டம், 2017, சிகிச்சை பெறும் பெண்ணின் மூன்று வயதுக்குட்பட்ட குழந்தையைப் பொதுவாக அவரிடமிருந்து பிரிக்கக் கூடாது என்று 21-ஆம் பிரிவில் சொல்கிறது. களத்திலோ, "குழந்தையை யாரிடமாவது விட்டுவிட்டு வாருங்கள்" என்பதே முதல் நிபந்தனையாக இருக்கிறது. விட்டுவிட்டு வர யாரும் இல்லாதவர்கள்தான் எங்களிடம் வருகிறவர்கள்.

மருத்துவத்தில் இதற்கு வழி தெரியாமல் இல்லை. ஹெராயின் போன்ற ஓபியாய்டு வகைப் போதைக்கு அடிமையான கர்ப்பிணியை, பழக்கத்தைத் திடீரென நிறுத்தச் சொல்வதைவிட, மெதடோன் அல்லது பியூப்ரெனார்பின் என்ற மாற்று மருந்துச் சிகிச்சையைத் தொடரும்படி ஊக்குவிப்பதே நல்லது என்று உலக சுகாதார நிறுவனம் 2014-இலேயே வழிகாட்டியிருக்கிறது. பிறந்த குழந்தையின் நடுக்கமும் சிகிச்சையால் தணிக்கக்கூடியது. இங்கோ, வயிற்றுப் பிள்ளைக்காரியை அறைக்குள் பூட்டிவைத்து 'நிறுத்தவைக்கும்' குடும்பங்களைப் பார்த்திருக்கிறேன். நல்லெண்ணத்தோடுதான் செய்கிறார்கள், அவர்களுக்கு வேறு வழி சொல்ல ஆளில்லை.

மருத்துவமனைப் பிரசவம் 99 விழுக்காட்டைத் தாண்டிவிட்ட மாநிலம் நம்முடையது. கிராமத்திலும் நகரத்திலும் ஒரு செவிலியரேனும் பார்த்துப் பேசாமல் ஒரு கர்ப்பிணியின் பத்து மாதம் கழிவது அரிது. இந்தப் பெண்களை அரசு எங்கே போய்த் தேடுவது என்று திகைக்க வேண்டியதில்லை. அவர்கள் ஏற்கெனவே உங்கள் முன்னால்தான் உட்கார்ந்திருக்கிறார்கள். கர்ப்பகாலப் பரிசோதனையின்போது தனியறையில், பழிக்காத குரலில் இதைக் கேட்கச் செவிலியர்களுக்குப் பயிற்சி வேண்டும். உண்மையைச் சொன்ன பெண்ணைப் பற்றிக் காவல்துறைக்குத் தகவல் போகாது, அந்த ஒரு காரணத்துக்காகக் குழந்தை பிரிக்கப்படாது என்று இரு துறைகளும் சேர்ந்து எழுத்து வடிவில் உறுதி தர வேண்டும். மாற்று மருந்து அந்தப் பரிசோதனை அறையிலேயே கிடைத்தால், நாற்பது ஆண்களின் வரிசையில் அவர் நிற்க வேண்டியிராது. 2020 பொதுமுடக்கத்தின்போது மருந்தை வீட்டுக்குக் கொடுத்தனுப்ப அனுமதி வந்தது. அதுவரை விட்டுவிட்டு வந்துகொண்டிருந்த இரண்டு பெண்கள் அந்த மாதங்களில் ஒரு வேளையும் தவறவில்லை. அடிதாங்காமல் வீட்டைவிட்டு வரும் பெண்ணை, போதைப் பழக்கம் உள்ளவர் என்பதற்காகவே காப்பகங்கள் திருப்பி அனுப்புவதும் நிற்க வேண்டும்.

இது போதைக்குத் துணைபோவதாகும் என்று சிலர் சொல்லக்கூடும். குழந்தையைப் பற்றிய அவர்களுடைய கவலை எனக்கும் உண்டு. ஆனால் தண்டனைக்கு அஞ்சி எந்தத் தாயும் பழக்கத்தை விட்டு நான் பார்த்ததில்லை. மருத்துவரை விட்டு விலகியதைத்தான் பார்த்திருக்கிறேன்.

நான் கேட்பவற்றில் பெரும்பாலானவற்றுக்குப் புதிய சட்டம் தேவையில்லை. உங்கள் இருவரின் கையொப்பமிட்ட ஒரு சுற்றறிக்கை போதும். அதை விரைந்து கேட்கக் காரணம் இருக்கிறது. மேலே சொன்ன அதே பெண் இப்போது மீண்டும் நான்கு மாதக் கர்ப்பிணி. போன வாரம்தான் பிக்மி எண் வாங்கியிருக்கிறார். "இந்தத் தடவ நர்ஸம்மாகிட்ட சொல்லிடலாமா அக்கா?" என்று கேட்டார். "சொல்லுங்கள், ஒன்றும் ஆகாது" என்று அவருக்கு உறுதி கொடுக்க என்னிடம் எந்த ஆணையும் இல்லை. அடுத்த பரிசோதனைக்கு அவர் வரும் வியாழக்கிழமை போகிறார்.

இப்படிக்கு,
வடசென்னையிலிருந்து ஓர் ஆற்றுப்படுத்துநர்