மானெக்‌ஷாவுக்குச் சிலை வைத்தாயிற்று, கோப்புகளை எப்போது திறப்பீர்கள்?

பாதுகாப்பு அமைச்சகத்தின் வரலாற்றுப் பிரிவு அதிகாரிகளுக்கு,

வணக்கம். 1971 போரில் பாகிஸ்தான் சரணடைந்த டிசம்பர் 16 வந்தால் போதும், வாட்ஸ்அப் குழுக்களில் அந்தப் போரில் தரைப்படைத் தளபதியாக இருந்த பீல்டு மார்ஷல் சாம் மானெக்‌ஷா வந்துவிடுவார். முறுக்கு மீசை, சாய்ந்த கூர்க்கா தொப்பி, கீழே ஒரு பஞ்ச் வசனம். அந்த வசனங்களில் பாதிக்கு எந்த ஆதாரமும் இருக்காது. நீலகிரிக்காரர்களான எங்களுக்கு அவர் மேல் உரிமை கொஞ்சம் கூடுதல். வெலிங்டன் ராணுவப் பயிற்சிக் கல்லூரிக்குத் தலைமை வகித்தவர், 1973இல் பணி முடிந்ததும் குன்னூரிலேயே குடியேறிவிட்டார். 2008 ஜூன் 27 அன்று வெலிங்டன் ராணுவ மருத்துவமனையில் இறந்தார். உதகை பார்சி கல்லறையில் மனைவி சில்லூவுக்குப் பக்கத்தில் அடக்கம். குன்னூர் சாலையில் அவர் பெயரில் பாலம் உண்டு, வெலிங்டனில் சிலையும் உண்டு.

அந்த இறுதிச் சடங்குக்குப் பிரதமர் வரவில்லை, முப்படைத் தளபதிகளில் ஒருவரும் வரவில்லை, ஒரு இணையமைச்சர் வந்தார் என்ற பழைய குறையைக் கிளற இந்த மடலை எழுதவில்லை. பல ஆண்டுகளாக அவருக்குச் சேர வேண்டிய சம்பள நிலுவை கடைசிக் காலத்தில், அதுவும் அப்துல் கலாம் தலையிட்ட பிறகே, கைக்கு வந்தது. அதுவும் பேசி ஓய்ந்த விஷயம். நான் கேட்பது காகிதம்.

1942 பிப்ரவரியில் பர்மாவின் சிட்டாங் பாலத்துக்குப் பக்கத்தில் நடந்த சண்டையில் இளம் கேப்டனாக இருந்த மானெக்‌ஷாவின் வயிற்றில் இயந்திரத் துப்பாக்கிக் குண்டுகள் பாய்ந்தன. ஏழு குண்டுகள் என்பார்கள், ஒன்பது என்பாரும் உண்டு. பிழைக்க மாட்டார் என்று நினைத்த மேஜர் ஜெனரல் கோவன், இறந்தவருக்கு மிலிட்டரி கிராஸ் என்ற வீரப் பதக்கம் கிடையாது என்று சொல்லித் தன் சட்டையில் இருந்த பதக்க நாடாவைக் கழற்றி அவருக்குக் குத்தினார் என்பது கதை. அவருடைய ஆர்டர்லி ஷேர் சிங் தூக்கிக்கொண்டு போயிருக்காவிட்டால் மிச்சக் கதையே இல்லை. பர்மாப் போர்முனைப் படைப்பிரிவுகளின் நாட்குறிப்புகளும் விருதுப் பரிந்துரைகளும் இன்றைக்கு லண்டன் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. யாரும் போய்ப் பார்க்கலாம். வெள்ளைக்காரனின் படையில் அவர் போரிட்ட காலத்தைத் தேடிப் படிக்க லண்டனில் வழி இருக்கிறது. நம் படைக்கே தலைமை தாங்கி அவர் வென்ற போரைத் தேடிப் படிக்க டெல்லியில் வழி இல்லை.

இது என் ஆத்திரத்தில் வந்த பேச்சு இல்லை. 1962, 1965, 1971 போர்களின் ஆவணங்கள் தங்களிடம் இல்லை என்று 2022 டிசம்பரில் தேசிய ஆவணக் காப்பகத்தின் தலைமை இயக்குநரே பொதுமேடையில் சொன்னார். கொல்கத்தா வில்லியம் கோட்டையில், கிழக்குக் கட்டளையகத்தில் இருந்த 1971 போர்க் கோப்புகள் அழிக்கப்பட்டுவிட்டன என்று 2010இல் செய்தி வந்தது. உங்கள் பிரிவு தொகுத்த 1971 போர் வரலாற்றையே பல ஆண்டுகள் பூட்டி வைத்திருந்தீர்கள். 2000இல் அது ஒரு நாளேட்டின் வழியாக இணையத்தில் கசிந்தது, அப்புறம்தான் அச்சுக்கே வந்தது. சரி, வந்ததே என்று வாங்கிப் படித்தோம். ஆனால் அது உங்கள் தொகுப்பு. அதற்கு அடியில் இருந்த உத்தரவுகளும் குறிப்புகளும் எங்கே?

இதனால் என்ன கெட்டுப்போயிற்று என்று கேட்பீர்கள். அவருடைய வாழ்க்கையிலேயே பெரிய நாளாகச் சொல்லப்படும் 1971 ஏப்ரல் அமைச்சரவைக் கூட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கிழக்குப் பாகிஸ்தானிலிருந்து அகதிகள் வெள்ளமாக வந்துகொண்டிருந்தார்கள். உடனே படையை அனுப்ப முடியுமா என்று இந்திரா காந்தி கேட்டார், முடியாது என்று மானெக்‌ஷா சொன்னார் என்பது நமக்குத் தெரிந்த கதை. மழைக்காலம் தொடங்கப் போகிறது, ஆறுகள் கடலாகிவிடும். இமயமலைக் கணவாய்களில் பனி உருகினால் சீனா உள்ளே வரலாம். பஞ்சாபில் அறுவடை நேரம், படையை நகர்த்த ரயிலையும் சாலையையும் நான் எடுத்துக்கொண்டால் கோதுமை நகராது, பஞ்சம் வரும். இப்போதே போனால் தோல்வி நூற்றுக்கு நூறு. வேண்டுமானால் ராஜினாமா கடிதம் தருகிறேன், உடல்நலம் என்று போடவா, மனநலம் என்று போடவா? இப்படிப் போகிறது அது. பல மேடைகளில் அவரே சொன்னது. பிரமாதமான கதைசொல்லி அவர், அதில் சந்தேகமே இல்லை.

சிக்கல் என்னவென்றால், பின்னால் வந்த ஆய்வாளர்கள் சிலர் இதை அப்படியே ஏற்கவில்லை. அந்த ஏப்ரலில் உடனடிப் போர் வேண்டாம் என்ற எண்ணம் பிரதமரின் ஆலோசகர் பி.என். ஹக்ஸர் பக்கமும் இருந்தது, இந்திரா அவசரப்பட்டார், தளபதி தடுத்தார் என்பது பிற்காலத்தில் ஏறிய மெருகு என்கிறார்கள். இதை எதை வைத்துச் சொல்கிறார்கள்? ஹக்ஸரின் சொந்தக் காகிதங்கள் டெல்லியில் முன்பு நேரு நினைவு நூலகம் என்று இருந்த பிரதமர்கள் அருங்காட்சியக நூலகத்தில் ஆய்வாளர்களுக்குக் கிடைக்கின்றன. ஒரு பக்கத்துக் காகிதம் வெளியே இருக்கிறது, தரைப்படைத் தலைமையகத்தின் காகிதம் உள்ளே இருக்கிறது. வழக்கில் ஒரு தரப்புச் சாட்சியை மட்டும் விசாரித்தால் தீர்ப்பு எப்படி இருக்கும்? மானெக்‌ஷாவுக்கு நீங்கள் செய்கிற நஷ்டம் இது. அவர் சொன்னது உண்மையாகவே இருந்தாலும் அதை நிரூபிக்க அவரால் இனி முடியாது, உங்களால் முடியும்.

டாக்கா விவகாரம் இன்னும் மோசம். கிழக்குக் கட்டளையகத்தின் தலைமைப் பணியாளராக இருந்த ஜே.எஃப்.ஆர். ஜேக்கப், டெல்லியிலிருந்து வந்த செயல்பாட்டு உத்தரவில் சிட்டகாங், குல்னா துறைமுகங்கள்தாம் இலக்கு, டாக்கா இலக்காகவே இல்லை என்று எழுதினார். அதை மறுத்தவர்களும் உண்டு. டிசம்பர் 9 அன்று சகத் சிங்கின் நான்காம் கோர் (பல டிவிஷன்கள் சேர்ந்த பெரிய படை), பாலம் தகர்ந்து கிடந்த மேக்னா ஆற்றை எம்ஐ-4 ஹெலிகாப்டர்களில் தாண்டியது. அந்தத் தாண்டல் டெல்லியின் திட்டமா, களத்தில் இருந்தவர் துணிந்து எடுத்த முடிவா? டாக்காவுக்கு வழி திறந்ததே அங்கேதான் என்பவர்கள் இருக்கிறார்கள். வெற்றியின் பெருமையில் கிழக்குக் கட்டளையகத் தளபதி அரோராவுக்கு எவ்வளவு, ஜேக்கப்புக்கு எவ்வளவு, சகத் சிங்குக்கு எவ்வளவு, மானெக்‌ஷாவுக்கு எவ்வளவு என்று ஐம்பது வருஷமாக நடக்கிற சண்டை இது. ஒரே ஒரு உத்தரவு, அதன் இலக்குப் பத்தி. அதை வெளியிட்டால் சண்டையில் பாதி தீர்ந்துவிடும். அவரைக் குறைத்துப் பேச ஆசைப்படுகிறவர்கள்கூட அதோடு வாயை மூடலாம், அல்லது அவருடைய ரசிகர்கள் கொஞ்சம் அடக்கி வாசிக்கலாம்.

என்னைக் கேட்டால் அவருடைய பெருமை அந்தக் கூட்டத்தில் பேசிய பேச்சில் இல்லை, அதற்கு அப்புறம் வந்த ஏழு மாதங்களில் இருக்கிறது. அப்போது திரிபுராவில் ரயில் தர்மநகரோடு நின்றுவிடும். அதற்கு மேல் மலைச்சாலைதான். அந்தச் சாலை வழியாக ஒரு முழுக் கோருக்கு வேண்டிய வெடிமருந்து, எரிபொருள், அரிசி, மருந்து எல்லாவற்றையும் மழையிலேயே கொண்டு சேர்த்தார்கள். டிசம்பர் 3இல் தொடங்கிய போர் 13 நாளில் முடிந்தது, சுமார் 93,000 பேர் சரணடைந்தார்கள் என்றால் அதற்கான வேலை அந்த மழைக்காலத்தில் நடந்தது. எந்த மேஜர் எந்த மாதம் எத்தனை லாரி கேட்டு எழுதினார், மேலே என்ன பதில் வந்தது என்பதெல்லாம் கோப்பில்தான் இருக்கும். இந்தப் பகுதியை யாரும் வாட்ஸ்அப்பில் அனுப்புவதில்லை, பஞ்ச் வசனம் இல்லாததால்.

1962 பற்றியும் ஒரு வார்த்தை. சீனப் போருக்கு முன்னால், கிருஷ்ண மேனன் பாதுகாப்பு அமைச்சராக இருந்த காலத்தில் மானெக்‌ஷா மீது ஒரு விசாரணை நடந்து, குற்றமில்லை என்று தீர்ப்பானது. போர் தோல்வியில் முடிந்ததும் அதே ஆளைத்தான் படைத் தளபதியாக அசாமின் தேஜ்பூருக்கு அனுப்பினார்கள். அந்த விசாரணையின் அறிக்கையையும் வெளியிடுங்கள். 1962 தோல்வியை ஆராய்ந்த ஹெண்டர்சன் புரூக்ஸ் அறிக்கையையே இன்னும் ரகசியம் என்கிறீர்கள், இதைக் கேட்பது அதிகப்படிதான். இருந்தாலும் கேட்கிறேன்.

2021 ஜூனில் உங்கள் அமைச்சகமே ஒரு கொள்கையை அறிவித்தது. போர் ஆவணங்களை வழக்கமாக 25 ஆண்டுகளில் ரகசியப் பட்டியலிலிருந்து எடுப்போம், அதைவிடப் பழையவற்றை நிபுணர்களைக் கொண்டு ஆராய்ந்து தேசிய ஆவணக் காப்பகத்துக்குத் தருவோம் என்று. நல்ல கொள்கை. 1971க்கு அந்த 25 ஆண்டு 1996லேயே முடிந்துவிட்டது.

எல்லாவற்றையும் ஒரே நாளில் திறக்கச் சொல்லவில்லை. உளவுத் தகவல் தந்தவர்களின் பெயர் இருந்தால் கறுப்படித்துவிடுங்கள், யாரும் கேட்கப் போவதில்லை. முதலில் ஒரு பட்டியல் போடுங்கள்: 1971 தொடர்பாக எந்தக் கோப்பு இருக்கிறது, எது அழிக்கப்பட்டது, யார் உத்தரவில், எந்தத் தேதியில். “பரிசீலனையில் உள்ளது” என்ற ஒற்றை வரிப் பதிலுக்குப் பதிலாக அந்தப் பட்டியலை உங்கள் இணையதளத்தில் ஏற்றிவிடுங்கள். எந்தக் கோப்பைக் கேட்க வேண்டும் என்பதை அதைப் பார்த்து நாங்களே எழுதி அனுப்புகிறோம்.

இப்படிக்கு,
நீலகிரியிலிருந்து ஒரு வரலாற்று வாசகன்