பெயரைப் போடலாமா?

புதுச்சேரி

அன்புள்ள வசந்தி,

உன் கடிதமும், நம் நாடக நாட்களைப் பற்றி நீ எழுதிய இரண்டு நோட்டுகளும் வந்து பன்னிரண்டு நாளாகிறது. பதில் தாமதமானதற்குக் கோபித்துக்கொள்ளாதே. அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன் நடந்தது. ஒரு நாளைக்கு ஆறு தடவை சொட்டுமருந்து விட வேண்டும், அதிலேயே பொழுது போய்விட்டது. இப்போது பார்வை நன்றாகத் தெளிந்துவிட்டது. நேற்று வாசலில் நின்றபடி எதிர்ச்சுவரில் இருந்த போஸ்டரை முழுக்கப் படித்துக் காட்டினாள்.

நோட்டுகளை ஒரே மூச்சில் படித்தேன். ஒத்திகைக் கூடத்துச் சிமென்ட் தரையின் குளிர்ச்சி, இரவு பதினொரு மணி பஸ்ஸைப் பிடிக்க நாம் ஓடிய ஓட்டம், எல்லாம் அப்படியே இருக்கிறது. நம் நாடக வாத்தியார் வரும் இடத்தில்தான் உன் கை நிற்கிறது. ‘அவர்’ என்று எழுதி அடித்திருக்கிறாய். மேலே ‘ஒருவர்’ என்று எழுதி, அதையும் அடித்துவிட்டு மறுபடி ‘அவர்’. பெயரைப் போடலாமா, நடந்ததை நடந்தபடி எழுதலாமா, கதையாக மாற்றிவிடட்டுமா என்று கேட்டிருக்கிறாய். ஒரு மாதமாக நான் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பிரெஞ்சில் படித்துவருவது இதே இடத்தில் நின்ற ஒருவருடைய புத்தகங்களைத்தான். அதனால் அவரைப் பற்றியே எழுதுகிறேன்.

ஆன் வியாசெம்ஸ்கி, பிரெஞ்சு நடிகை, எழுத்தாளர். பெயர் உனக்கு நினைவில்லாமல் இருக்கலாம், முகம் மறந்திருக்காது. ஃபிலிம் சொசைட்டியில் நாம் பார்த்த கழுதைப் படத்தில், ராத்திரியில் தோட்டத்துக்கு வந்து கழுதையின் தலையில் பூச்சூட்டி முத்தம் கொடுப்பாளே மாரி என்கிற பெண், அவர்தான். பிரெஞ்சு இயக்குநர் ரொபேர் பிரெஸ்ஸோனின் ‘ஓ அசார் பல்தசார்’, 1966. அதற்கு முந்தைய வருஷம் கோடையில் படப்பிடிப்பு நடந்தபோது ஆனுக்கு வயது 18. தாத்தா, நோபல் பரிசு வாங்கிய பிரான்சுவா மொரியாக். அப்பா, ரஷ்யாவிலிருந்து வெளியேறிய பிரபு குடும்பத்தவர், பிரெஞ்சுத் தூதரக அதிகாரி. 1962இல் அவர் இறந்துவிட்டார். அப்போது பிரான்சில் 21 வயது ஆனால்தான் மேஜர் என்பதால், பேத்தி சினிமாவில் நடிக்கத் தாத்தாதான் சம்மதம் தரவேண்டியிருந்தது. தந்தார்.

பிரெஸ்ஸோனுக்கு நடிகர் என்ற சொல்லே பிடிக்காது. ‘மாதிரிகள்’ என்றுதான் சொல்வார். வசனத்தை ஏற்ற இறக்கம் இல்லாமல், உணர்ச்சி ஏற்றாமல், திரும்பத் திரும்பச் சொல்ல வைப்பார். அந்தப் பயிற்சி ஒருபுறம். இன்னொருபுறம், அறுபதைத் தாண்டிய அந்த மனிதர் அந்தப் பெண்ணைத் தன் அருகிலேயே தங்கவைத்துக்கொண்டார். அவள் யாரோடு பேசினாலும் அவருக்குப் பொறாமை. முத்தமிட முயல்வார், அவள் விலகுவாள், மறுநாள் காலை படப்பிடிப்பில் அதே மென்மையான குரல். இதையெல்லாம் ஆன் எழுதி ‘ழ்யுன் ஃபீய்’, அதாவது ‘இளம்பெண்’, என்ற நாவலாக வெளியிட்டது 2007இல். படப்பிடிப்பு முடிந்து 42 வருஷம் கழித்து. பிரெஸ்ஸோன் இறந்தே எட்டு வருஷம் ஆகப்போகிற சமயம்.

அந்தப் புத்தகத்தில் பெயர்கள் எல்லாம் உண்மைப் பெயர்கள். ஆனால் அட்டையில் ‘நாவல்’ என்றே போட்டிருக்கிறது. முதலில் எனக்கு இது புரியவில்லை. படிக்கப் படிக்கத்தான் புரிந்தது, வசந்தி. நாற்பது வருஷத்துக்கு முந்தைய உரையாடலை யாரால் சொல்லுக்குச் சொல் நினைவில் வைத்திருக்க முடியும்? காட்சியைக் கட்டித்தானே ஆகவேண்டும்? கட்டியிருக்கிறேன் என்பதை அந்த ஒரு சொல்லால் ஒப்புக்கொண்டுவிட்டு, ஆளை மட்டும் மறைக்காமல் விடுகிறார். அவரைத் திட்டவும் இல்லை, மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை. அந்த மனிதரிடம் தனக்கிருந்த வியப்பையும் மூச்சுமுட்டலையும் ஒரே பக்கத்தில் வைக்கிறார். ஏற்ற இறக்கம் இல்லாத அந்தக் குரலை அவரிடமே கற்றுக்கொண்டு அவரைப் பற்றியே எழுதியிருக்கிறார் என்று எனக்குப் படுகிறது.

அப்புறம் இன்னொரு பிரெஞ்சு இயக்குநர், கோதார். 1966 ஜூனில் அவருடைய படம் ஒன்றைப் பார்த்துவிட்டு, ‘கையே து சினெமா’ பத்திரிகை முகவரிக்கு ஆன் ஒரு சின்னக் கடிதம் எழுதினார். படம் பிடித்திருந்தது, அதன் பின்னால் இருக்கும் மனிதரையும் பிடித்திருக்கிறது என்று. 2012இல் வந்த ‘யுன் அனே ஸ்துதியூஸ்’ நாவல் இந்தக் கடிதத்திலிருந்துதான் தொடங்குகிறது. மறு வருஷமே கல்யாணம். ஆனுக்கு 20, கோதாருக்கு 36. அந்த 1967இல்தான் ஆன் நடித்த கோதாரின் ‘லா ஷினுவாஸ்’ படம் வந்தது.

அதில் ஒரு ரயில் காட்சி. ஆன் ஜன்னலோரம் உட்கார்ந்து, எதிரே இருக்கும் பிரான்சிஸ் ழான்சோனிடம், பல்கலைக்கழகங்களைக் குண்டுவைத்து மூடவேண்டும் என்று வாதாடுவார். ழான்சோன் நிஜ வாழ்விலும் தத்துவ ஆசிரியர், அல்ஜீரிய விடுதலைக்கு ரகசியமாக உதவியவர், ஆனுக்குப் பாடம் சொல்லித் தந்தவர். அவர் தன் சொந்த வார்த்தையில் பதில் சொல்கிறார். ஆனுக்கோ காதில் ஒரு சின்னக் கருவி. அதன் வழியே கோதார் ஒவ்வொரு வரியாக எடுத்துக் கொடுக்கிறார். போன வாரம் மறுபடி பார்த்தேன். பதில் சொல்வதற்கு முன் ஆன் ஒரு நொடி தாமதிக்கும் இடங்களில் எனக்கு நெஞ்சு கனத்துவிட்டது. வாத்தியார் பக்கத்திரைக்குப் பின்னால் நின்று உனக்கு வசனம் எடுத்துக் கொடுப்பாரே, அதே தாமதம்.

இத்தாலிய இயக்குநர் பசோலினியின் இரண்டு படங்களிலும் ஆன் நடித்தார். அவை பற்றி நேரில் பேசுவோம். எழுத்துக்கு வந்தது 1988இல், 41ஆம் வயதில், ஒரு சிறுகதைத் தொகுப்போடு. உனக்குச் சொல்ல வேண்டியது இன்னொன்று: 1993இல் வந்த ‘கனீன்’ நாடக உலகில் நடக்கும் நாவல். பள்ளி மாணவர்களே வாக்களித்துத் தேர்ந்தெடுக்கும் கோன்கூர் பரிசு அதற்குக் கிடைத்தது. 1998இல், புரட்சிக் காலத்து ரஷ்யக் குடும்பம் ஒன்றைப் பற்றிய நாவலுக்கு பிரெஞ்சு அகாதெமியின் நாவல் பரிசு. பிரெஸ்ஸோன் புத்தகத்துக்குப் பிறகு, 2009இல், அம்மாவின் கடிதங்களையும் நாட்குறிப்பையும் வைத்து, போர் முடிந்த பெர்லினில் செஞ்சிலுவை ஆம்புலன்ஸ் ஓட்டிய அவருடைய கதையையும் எழுதினார். கவனித்தாயா? முதலில் கற்பனை, பிரெஸ்ஸோனும் கோதாரும் ரொம்பப் பிறகுதான். இருபது வருஷம் எழுதிக் கை பழகிய பின்தான் அந்த இரண்டு பேருடைய பக்கம் போயிருக்கிறார். நீயோ முதல் நோட்டிலேயே வாத்தியாரிடம் போய் முட்டிக்கொள்கிறாய்!

கோதார் உயிரோடு இருக்கும்போதே அவரைப் பற்றி இரண்டு நாவல் எழுதினார். 1968இல் பாரிஸில் நடந்த மாணவர் கிளர்ச்சிக் காலத்தைப் பற்றிய இரண்டாவதைப் படமாக்கக் கேட்டபோது முதலில் மறுத்துவிட்டார். புத்தகம் வேடிக்கையாக இருக்கிறது என்று இயக்குநர் அசனவிசியூஸ் போனில் சொன்னதும்தான் சம்மதித்தாராம். 2017இல் படம் கான் விழாவில் திரையிடப்பட்டது, அதே வருஷம் ஆனின் கடைசிப் புத்தகமும் வந்தது. எழுத்தில் அவரை ஊக்கப்படுத்திய பாதிரியார் ஒருவரைப் பற்றியது அது. அந்த வருஷம் அக்டோபர் 5ஆம் தேதி, புற்றுநோயால், 70 வயதில் ஆன் இறந்துபோனார்.

வேடிக்கை என்றதும் நினைவுக்கு வருகிறது. வாத்தியார் மேடைச் செருப்பைக் காணாமல் ஒரு கால் செருப்போடு தலைவருக்கு மாலை போட்ட கதையை நீ எழுதவே இல்லையே? அவரோடு சேர்ந்து வயிறு வலிக்கச் சிரித்தோமே, அதுவும் வேண்டும். அந்த அறைக் கதவு மூடிய சாயங்காலமும் வேண்டும். நான் வெளியே படியில்தான் உட்கார்ந்திருந்தேன், வசந்தி. உள்ளே போயிருக்க வேண்டும். அதை எழுதும்போது என் பெயரைத் தாராளமாகப் போடு.

வாத்தியார் பெயரை இப்போதைக்கு அவருடைய உண்மைப் பெயராகவே எழுது. அச்சுக்குப் போகும்போது யோசிக்கலாம். மூன்றாவது நோட்டை ஸ்பீட் போஸ்டில் அனுப்பு. அண்ணனுக்கு முட்டிவலி எப்படி இருக்கிறது? தை மாதம் இரண்டு பேரும் வாருங்கள், மாடி அறையைச் சுத்தம் செய்து வைக்கிறேன்.

அன்புடன்,
உன் கஸ்தூரி