நானூத்தி ஏழும் ஐப்பசி மழையும்

ஏற்காடு,
ஞாயிறு

அன்புள்ள மாப்ள,

பொங்கலுக்கு நீ போட்ட கடுதாசிக்கு இப்பதான் பதில். திட்டணும்னா திட்டிக்க. இங்க எல்லாரும் சுகம், மிளகு சுமார், சோடாபுட்டி இன்னும் பொண்ணு பார்த்துக்கிட்டே இருக்கான்.

நம்ம டாடா நானூத்தி ஏழு லாரிக்கு நோட்டீஸ் வந்திருக்கு. ஒன்பது காலாண்டு சாலை வரி பாக்கி, மேல அபராதம். கட்டலைன்னா வருவாய் மீட்புச் சட்டப்படி நில வரி பாக்கி மாதிரி வசூல் பண்ணுவாங்களாம். அது 1864ஆம் வருஷத்துச் சட்டம்டா! கவர்னர் குதிரையில வந்த காலம். வண்டியோ தோட்டத்துக்குள்ள காப்பிக் கொட்டை சுமக்குற கழுதை. பம்பரை கம்பி போட்டுக் கட்டியிருக்கேன்.

உனக்கு ஒரு சேதி தெரியுமா? விசாகப்பட்டினம் உருக்காலைக்குள்ள ஓடின 36 வண்டிக்கு ஆந்திரா அரசு வரி கேட்டுச்சு. 2025 ஆகஸ்ட் 29 அன்னைக்கு உச்ச நீதிமன்றம் கேட்டது தப்புன்னு சொல்லிடுச்சு. சாலையைப் பயன்படுத்துறதுக்கு ஈடாத்தான் இந்த வரி, பொது இடத்துல ஓடாத வண்டிக்கு எதுக்குன்னு கேட்டாங்க. கட்டின 22 லட்சத்துச் சொச்சமும் திரும்பக் கொடுக்கணுமாம். படிச்சிட்டு ரெண்டு நாள் தூங்கல. ஹைகோர்ட்டுல ரிட் மனு போட்டுடலாம்னு சேலம் வக்கீல்கிட்ட ஓடினேன்.

அவர் தண்ணி ஊத்திட்டார். "அங்க மதிலு, கேட்டு, துப்பாக்கியோட காவல். உங்களுக்கு என்ன இருக்கு?" எனக்கு மூங்கில் படலும் கிழட்டு நாயும் இருக்கு. "ஓட்டமாட்டேன்னு முன்கூட்டி எழுதிக் கொடுத்தீங்களா? அது ஆந்திரா சட்டம், நம்மளது 1974ஆம் வருஷத்துச் சட்டம், அதுல என்ன வாசகம்னு பார்க்கணும்"னு வேற. உன் தங்கச்சி 'கட்டிட்டு வந்து சோறு சாப்பிடுங்க'ங்கறா.

ஆனாலும் மனு எழுதினாங்க. பிரமாணப் பத்திரத்துல மூணாவது பத்தி: "மேற்படி வாகனம் ஒருபோதும் தோட்ட எல்லையைத் தாண்டியதில்லை." பேனாவைத் திறந்துட்டு மூடிட்டேன்.

ஐப்பசி மழையில உங்கப்பாவுக்கு நெஞ்சு வலி வந்த ராத்திரி ஞாபகம் இருக்குல்ல? ஆம்புலன்ஸ் வரலை, மரம் விழுந்து கிடந்துச்சு. கேபின்ல அவரைச் சாய்ச்சு உட்கார வெச்சு, இருபது கொண்டை ஊசியையும் ஒத்தை ஹெட்லைட்டுல இறக்கினோம். அவர் வழியெல்லாம் என் சஸ்பென்ஷனைத் திட்டிக்கிட்டே வந்தார். திட்டுறவரைக்கும் பயமில்லைன்னு நான் ஓட்டினேன்.

அதை மறைச்சுக் கையெழுத்துப் போட மனசு வரலை. வக்கீல்கிட்ட சொல்லிட்டேன். தலையில அடிச்சுக்கிட்டார். அந்தக் காலாண்டு வரியை நானே கட்டிடறேன், மத்த எட்டுக்கு மட்டும் வாதாடுங்கன்னு சொல்லியிருக்கேன். இது புத்தியா கிறுக்கான்னு நீதான் சொல்லணும்.

அப்பாகிட்ட கேளு, மனுவுல அவர் பேர் வரலாமான்னு. சஸ்பென்ஷன் சமாச்சாரத்தை மட்டும் எழுத வேண்டாம்னுட்டார் வக்கீல்.

உன்
படுபாவி