ஃபைஸிக்கு அரை வரி போதாது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த முஸ்லிம் தனிநபர் சட்டம் பற்றிய கட்டுரை நன்றாகவே இருந்தது. ஒரு குறை. ஆசஃப் அலி அஸ்கர் ஃபைஸியைச் ‘சட்டக் கல்லூரிப் பாடநூல் எழுதியவர்’ என்று அரை வரியில் முடித்துவிட்டார் கட்டுரையாளர். வக்கீல்கள் வட்டாரத்திலும் இதே கதைதான். 1949ல் வந்த அவருடைய முகமதியச் சட்ட நூலைப் பரீட்சைக்குப் புரட்டுவார்கள். அப்புறம் ஏதாவது வழக்கு வந்தால்தான் தூசி தட்டுவார்கள்.

1899ல் போரா என்ற முஸ்லிம் சமூகத்தின் சுலைமானிக் கிளையைச் சேர்ந்த குடும்பத்தில் பிறந்தவர். பம்பாயிலும் கேம்பிரிட்ஜிலும் படித்தார். பம்பாய் அரசு சட்டக் கல்லூரி முதல்வர், எகிப்துக்கு இந்தியத் தூதர், காஷ்மீரில் துணைவேந்தர் என்று பதவிகளுக்குப் பஞ்சமில்லை. அதெல்லாம் இருக்கட்டும். அவர் செய்த பெரிய காரியம் வேறு.

ஷியா சட்டம் என்றாலே பன்னிரண்டு இமாம்களை ஏற்கும் பிரிவின் சட்டம்தான் என்ற எண்ணம் நம் சட்ட உலகில் ஊறிப்போயிருந்தது. போராக்களும் ஷியாக்கள்தான், ஆனால் இஸ்மாயிலிப் பிரிவு. ஒரு போரா வியாபாரி மூத்த மகனுக்கு மட்டும் சொத்தில் கொஞ்சம் கூடுதலாக உயில் எழுதிவைத்துவிட்டுப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். பன்னிரு இமாமியர் விதிப்படி, அது மூன்றில் ஒரு பங்கைத் தாண்டாவிட்டால், மற்ற பிள்ளைகள் மறுத்தாலும் செல்லும். இஸ்மாயிலி விதிப்படி மற்ற வாரிசுகள் சம்மதிக்காமல் செல்லாது. இந்த இடத்தில் அது சன்னிகளின் சட்டப் பிரிவுகளில் ஒன்றான ஹனஃபியோடு ஒத்துப்போகிறது. தவறான புத்தகத்தைப் பிரித்தால் மகள்களின் பங்கு குறைந்துவிடும்!

சரியான புத்தகத்துக்கு எங்கே போவது? அந்த நூல்கள் கையெழுத்துப் பிரதிகளாகப் போரா குடும்பங்களிலும் மதத் தலைமையிடமும் பூட்டிக் கிடந்தன. வெளியாட்களுக்குக் காட்டும் வழக்கம் இல்லை. அந்த வீடுகளில் ஒன்றில் பிறந்த ஃபைஸி, 1933ல் இஸ்மாயிலி உயில் சட்டத்தை அரபு மூலத்தோடும் ஆங்கில மொழிபெயர்ப்போடும் அச்சில் கொண்டுவந்தார். பத்தாம் நூற்றாண்டில், இஸ்மாயிலிகளான ஃபாத்திமிய வம்சத்தின் கலீஃபா முஇஸ்ஸின் ஆட்சியில் சட்ட அறிஞர் காழி நுஃமான் எழுதிய ‘தஆயிமுல் இஸ்லாம்’ என்ற பெருநூலின் ஒரு பகுதி அது. பிறகு முழு நூலையும் பிரதிகளை ஒப்பிட்டுப் பதிப்பித்தார். முதல் பாகம் 1951ல் கெய்ரோவில் வெளிவந்தது. கெய்ரோவை உருவாக்கியவர்களே ஃபாத்திமியர்கள்தான். அவர்களுடைய சட்ட நூலை அந்த ஊரிலேயே அச்சேற்ற பம்பாயிலிருந்து ஒரு வக்கீல் போகவேண்டியிருந்தது. தன்னிடமிருந்த இஸ்மாயிலி கையெழுத்துப் பிரதிகளையும் 1957ல் பம்பாய்ப் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்துவிட்டார். சொந்தச் சமூகத்தில் மனவருத்தம் வரும் என்று தெரியாமலா செய்திருப்பார்?

1963ல் இஸ்லாமை நவீன நோக்கில் அணுகி அவர் எழுதிய நூலைப் பற்றியும் கட்டுரை மூச்சு விடவில்லை. மார்க்கம் வேறு, சட்டம் வேறு. நம்பிக்கை மனிதனின் மனசாட்சியைச் சேர்ந்தது, சட்டம் காலத்தோடு மாறக்கூடியது என்பது அவர் வாதம். உலமாக்கள், அதாவது மார்க்க அறிஞர்கள், ஒப்புக்கொள்ளாத வாதம். எனக்கும் முழுச் சம்மதம் இல்லை. நிக்காஹ் பேசி, மணமகளுக்கான மஹர் தொகை குறித்து, ஜமாஅத் பதிவேட்டில் கையெழுத்துப் போடும் ஒரு குடும்பத்திடம் போய், இதில் எது மார்க்கம், எது சட்டம் என்று கோடு கிழிக்கச் சொன்னால் முழிப்பார்கள். ஃபைஸி அந்தக் கோட்டை ரொம்பச் சுலபமாகக் கிழித்துவிட்டார் என்றே தோன்றுகிறது. ஆனால் அவரோடு சண்டை போடுவதற்காவது அவரைப் படிக்க வேண்டும் இல்லையா?

கட்டுரையின் அடுத்த பகுதி வாரிசுரிமை பற்றியது என்று அறிவித்திருக்கிறீர்கள். 1981ல் ஃபைஸி காலமான பிறகு, அவர் விட்டுச்சென்ற ‘தஆயிம்’ ஆங்கில மொழிபெயர்ப்பை ஆய்வாளர் இஸ்மாயில் பூனாவாலா திருத்தி முடித்தார். 2002லும் 2004லும் இரண்டு பாகங்களாக வந்திருக்கிறது. உயில் பற்றிய அத்தியாயம் இரண்டாம் பாகத்தில் இருக்கிறது. ‘ஷியா’ என்று பொதுவாக எழுதுவதற்கு முன் கட்டுரையாளர் அதை ஒருமுறை பார்த்துவிட்டால் நல்லது.

இப்படிக்கு,
வழக்கறிஞர் ஒருவர்,
திருநெல்வேலி.