கொல்லப்பட்டவர் எழுதிய செய்தி எங்கே?

ஆசிரியருக்கு வணக்கம்.

ஒரு பத்திரிகையாளர் கொல்லப்பட்டால் நம் ஊடகங்களில் என்னென்ன வரும் என்பது வாசகர்களுக்கு மனப்பாடம். சிசிடிவி காட்சியில் சிவப்பு வட்டம், கதறும் குடும்பம், தலைவர்கள் கண்டனம், அப்புறம் 'முன்விரோதம் காரணமா என்ற கோணத்தில் போலீசார் விசாரணை'. நாலாம் நாள் வேறு பரபரப்பு வந்துவிடும். அவர் கடைசியாக எதைத் தோண்டிக்கொண்டிருந்தார் என்பதற்கு ஒரு வரி கிடைத்தால் அதிகம்.

2025 ஜனவரியில் சத்தீஸ்கரின் பிஜாப்பூரில் பத்திரிகையாளர் முகேஷ் சந்திராகரின் உடல், ஒரு ஒப்பந்ததாரரின் வளாகத்தில், புதிதாக கான்கிரீட் போட்டு மூடிய செப்டிக் டேங்கில் கிடந்தது. பிரேதப் பரிசோதனை அறிக்கையை வைத்துக்கொண்டு எத்தனை எலும்பு முறிந்தது என்று எண்ணிச் சொன்னார்கள். அவர் வீட்டாரும் அதைக் கேட்டிருப்பார்களே! முகேஷ் அம்பலப்படுத்தியது சாலைப் பணி முறைகேட்டை. அந்தச் சாலைக்கு ஒரு நிருபரை அனுப்பி, எவ்வளவு தூரம் போட்டிருக்கிறார்கள், எவ்வளவுக்கு பில் பாஸானது என்று பார்த்தவர்கள் எத்தனை பேர்?

செய்ய முடியாத வேலை இல்லை. 1976இல் அமெரிக்காவின் அரிசோனாவில் நிருபர் டான் போல்ஸ் கார் குண்டுக்குப் பலியானார். பல ஊர்ப் பத்திரிகைகளிலிருந்து 38 பேர் அங்கே போய் இறங்கினார்கள். கொலையாளியைப் பிடிக்க அல்ல, அவர் விட்ட இடத்திலிருந்து தொடர. (அவர் வேலை பார்த்த பத்திரிகையே அந்தத் தொடரை வெளியிடவில்லை என்பது தனிக் கதை.) ஐரோப்பிய தீவு நாடான மால்டாவில் 2017 அக்டோபரில் பத்திரிகையாளர் டாஃப்னி கருவானா கலிசியா கொல்லப்பட்டார். ஆறே மாதத்தில் 18 ஊடக நிறுவனங்கள், தங்களுக்குள் இருந்த போட்டியை ஒதுக்கிவைத்துவிட்டு, அவருடைய புலனாய்வுகளைத் தொடர்ந்து வெளியிடத் தொடங்கின.

இங்கேயோ அடுத்த பத்திரிகையின் பெயரை அச்சிடவே மனசு வருவதில்லை. 'தனியார் நாளிதழ் நிருபர்' என்று போட்டு முடித்துவிடுகிறோம். சின்ன ஊரின் பகுதிநேர நிருபர் என்றால் அதுவும் உள்பக்கத்தில்தான்.

உங்களிடம் கேட்பது இரண்டுதான். இனி இப்படி ஒன்று நடந்தால், செத்தவரின் கடைசிச் செய்திகளைச் சுருக்கியாவது மறுநாள் முதல் பக்கத்தில் போடுங்கள். வழக்கு நீதிமன்றத்துக்குப் போன பிறகு, ஒவ்வொரு வாய்தாவுக்கும் நாலு வரி எழுதுங்கள். முகேஷ் வழக்கு பற்றி உங்கள் இதழில் கடைசியாக எப்போது வந்தது என்று தேடிப் பார்த்தேன். கைது செய்தியோடு நிற்கிறது.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்